வெள்ளரிக்காய்க் குளிர் ஊறுகாய்: செய்யும் முறையும் காக்கும் முறையும்

விளைச்சல் பெருகும்போது விலை சரிவதும், விலை ஏறும்போது கையில் சரக்கு இல்லாதிருப்பதும் காய்கறி பயிரிடுவோர் ஆண்டுதோறும் காணும் நிகழ்ச்சியே. மற்றப் பயிர்களைக் காட்டிலும் வெள்ளரியில் இந்தத் தொல்லை மிகுதி. கொடி காய்க்கத் தொடங்கிவிட்டால் நாள்தோறும் பறித்தாக வேண்டும். ஒரு நாள் தவறினால் பிஞ்சு காயாகிவிடும். சில நாள் தவறினால் காய் பருத்து விதை முற்றிவிடும். முற்றிய காயைக் கொடியிலேயே விட்டுவைத்தாலோ, கொடியின் வலிமை அந்த விதைகளுக்கே சென்று, புதிய பிஞ்சு பிடிப்பது குறைந்துபோகும். எனவே விற்றாலும் விற்காவிட்டாலும் பறிப்பை நிறுத்துவதற்கில்லை. விலை கேட்பார் இல்லாத நாளில் பறித்த காய் மாட்டுத் தொட்டிக்குப் போவது புதுமையன்று.

மாங்காய், எலுமிச்சை, நார்த்தங்காய் ஆகியவை மலிந்த காலத்தில் அவற்றை ஊறுகாயாக்கி ஆண்டு முழுவதும் வைத்துக்கொள்ளும் கலையில் நம் தாய்மார்கள் கைதேர்ந்தவர்கள். ஆனால் வெள்ளரி இந்த முறைக்கு எளிதில் இணங்குவதில்லை. அதன் எடையில் நூற்றுக்குத் தொண்ணூற்றைந்து பங்கு நீர். உப்பும் காரமும் எண்ணெயும் சேர்த்து ஜாடியில் இட்டால், அந்த நீர் வெளியேறி உப்பின் வலிமையைக் குறைத்துவிடும். காயும் துவண்டு கூழாகும். வெள்ளரிக்கு ஏற்றது காடியில் இட்டுக் குளிர்சாதனப் பெட்டியில் வைக்கும் ஊறுகாயே. இதனைக் குளிர் ஊறுகாய் என்று இக்கட்டுரையில் அழைப்போம்.

இம்முறை மிக எளியது. வெயில் வேண்டுவதில்லை; அடுப்படியில் அரை மணி வேலைதான். அடைமழை நாளிலும் செய்யலாம். ஆனால் எளிய முறை என்பதனாலேயே இதில் ஒரு தவறு நேர்ந்துவிடக்கூடும். ஊறுகாய் என்ற பெயரைக் கேட்டதும், மாங்காய் ஊறுகாயைப் போல இதனையும் அலமாரியில் வைத்துவிடலாம் என்ற எண்ணம் எழுவது இயல்பு. அப்படிச் செய்யலாகாது. இந்த ஊறுகாயைக் காப்பது உப்பன்று, எண்ணெயன்று, வெயிலன்று. காடியின் புளிப்பும் பெட்டியின் குளிர்ச்சியும் ஆகிய இரண்டுமே இதன் காவலர்கள். இவ்விரண்டில் எதனையும் தளரவிடாமல் செய்வது எங்ஙனம் என்பதை விளக்குவதே இக்கட்டுரையின் நோக்கம்.

வெள்ளரியும் வெளிநாடும்

வெள்ளரியின் தாயகம் நம் நாடே. இமயமலையின் அடிவாரத்தில் அதன் காட்டு இனம் இன்றும் காணப்படுகிறது. கைப்பு மிகுந்த சிறு காய் அது. அங்கிருந்து பண்படுத்தப்பட்ட வெள்ளரி மேற்கே சென்று பல நாடுகளில் பரவியது. குளிர் மிகுந்த நாடுகளில் காய்கறி விளையும் மாதங்கள் சில. எனவே அங்குள்ளோர் கோடையில் விளைந்த வெள்ளரியை உப்பு நீரிலும் காடியிலும் இட்டுக் குளிர்காலத்துக்குச் சேமித்தனர். பின்னர் வீடுதோறும் குளிர்சாதனப் பெட்டி வந்தபோது, குறைந்த உப்பில், வேகவைக்காமல், மொறுமொறுப்புக் கெடாமல் செய்யும் குளிர் ஊறுகாய் அமெரிக்க இல்லங்களில் பெருவழக்காயிற்று.

இங்கிருந்து சென்ற வெள்ளரி இப்பொழுது வேறொரு வழியாகவும் கடல் கடந்து செல்கிறது. 'கெர்கின்' என்னும் சிறு வெள்ளரி வகை 1990-ஆம் ஆண்டுகளில் கர்நாடகத்தில் ஏற்றுமதிக்காகப் பயிரிடத் தொடங்கப்பட்டது. பின்னர் தமிழ்நாட்டுக்கும் ஆந்திரத்துக்கும் தெலுங்கானாவுக்கும் பரவியது. 2020-21-ஆம் ஆண்டில் இந்தியா 2,23,515 டன் வெள்ளரியையும் கெர்கினையும் ஏற்றுமதி செய்தது. அதன் மதிப்பு 22 கோடி டாலருக்கு மேல். காடியிலோ உப்பு நீரிலோ இட்டுப் பதப்படுத்திய பின்னரே இச்சரக்கு கப்பலேறுகிறது. இப்பயிர் செய்வோர் பெரும்பாலும் ஒப்பந்த முறையில் பயிரிடும் சிறு உழவர்களே.

கெர்கினைத் தரம் பிரிப்பது கிலோவுக்கு எத்தனை காய் நிற்கின்றன என்ற கணக்கைக் கொண்டு. எண்ணிக்கை மிகுந்தால், அதாவது பிஞ்சு சிறுத்திருந்தால், விலை கூடும். காய் பருத்தால் விலை குறையும். மிகப் பருத்தால் கொள்வாரே இரார். இப்படிக் கழிந்து நிற்கும் காய், சற்றே பருத்திருப்பினும் விதை முற்றாதிருக்குமாயின், வீட்டு ஊறுகாய்க்கு முற்றிலும் தகுந்தது. சந்தையில் கழிவாகக் கருதப்படுவது வீட்டில் பண்டமாகும்.

ஊறுகாய் கெடாதிருப்பது எதனால்?

உணவைக் கெடுப்பவை கண்ணுக்குப் புலனாகாத நுண்ணுயிர்கள். ஊறுகாய் போடுவது என்பது இவை வாழ இடம் கொடாமல் செய்வதே. மாங்காய் ஊறுகாயில் ஒரு கிலோ காய்க்கு 150 முதல் 200 கிராம் வரை உப்பு இடுகிறோம். அவ்வளவு உப்பில் பெரும்பாலான நுண்ணுயிர்கள் பிழைப்பதில்லை. மாங்காய்க்கு இயற்கையிலேயே புளிப்பும் உண்டு. வெயிலில் வைப்பதால் நீர்ப்பசை குறைகிறது. மேலே நிற்கும் எண்ணெய் காற்றுப் படாமல் தடுத்துப் பூசணத்தை விலக்குகிறது. இத்தனை காவல் இருப்பதால் அது அலமாரியில் ஓராண்டு நிற்கிறது.

குளிர் ஊறுகாயில் இடும் உப்போ, எல்லாம் சேர்ந்த எடையில் நூற்றுக்கு இரண்டு பங்குகூட இல்லை. அது சுவைக்காக இடுவது, காப்பதற்குப் போதாது. வெள்ளரிக்கு இயற்கையான புளிப்பும் இல்லை. ஆகவே காடியினால் புளிப்பு ஊட்டுகிறோம். குளிர்ச்சியினால் எஞ்சிய நுண்ணுயிர்களின் பெருக்கத்தைத் தடுக்கிறோம்.

புளிப்பின் அளவை அறிஞர்கள் பி.எச். என்ற எண்ணால் குறிப்பர். எண் குறையக் குறையப் புளிப்பு மிகும். வெள்ளரியின் பி.எச். ஏறக்குறைய 5.1 முதல் 5.7 வரை இருக்கும். 4.6 என்பது எல்லைக்கோடு. அதற்கு மேல் இருந்தால், காற்றில்லாத மூடிய புட்டியில் கிளாஸ்டிரிடியம் பொட்டுலினம் என்னும் நுண்ணுயிர் வளர்ந்து கொடிய நஞ்சை உண்டாக்கக்கூடும். பார்வை இரட்டித்தல், இமை சரிதல், விழுங்க இயலாமை, இறுதியில் மூச்சுத் தசைகள் செயலிழத்தல் ஆகியவை அந்நஞ்சின் விளைவுகள். இந்நுண்ணுயிரின் வித்துகள் மண்ணில் எங்கும் உள்ளவை; தரையில் படரும் வெள்ளரிக் கொடியின் காயில் அவை ஒட்டியிருப்பதில் வியப்பில்லை. கொதிக்கும் நீரிலும் அவ்வித்துகள் அழிவதில்லை. ஆனால் பி.எச். 4.6-க்குக் கீழே இருக்கும்போது அவை முளைத்து வளர மாட்டா. காடியின் அளவைக் குறைக்கலாகாது என்று திரும்பத் திரும்பச் சொல்வதன் காரணம் இதுவே.

அப்படியானால் புளிப்பு மட்டும் போதாதா, குளிர்ச்சி எதற்கு என்று கேட்கலாம். புளிப்பைத் தாங்கும் பூசணங்களும் ஈஸ்டுகளும் உள்ளன. அறையின் வெப்பத்தில் அவை மேற்பரப்பில் படர்ந்து, புளிப்பைத் தின்றே வாழ்ந்து, நாளடைவில் அதனைக் குறைத்துவிடும். புளிப்புக் குறைந்ததும் மற்றவை உள்ளே புகும். பெட்டியின் குளிர்ச்சி இவ்வழியை அடைக்கிறது. அதுபோலவே குளிர்ச்சி மட்டும் போதும் என்றும் எண்ண வேண்டாம். லிஸ்டீரியா என்னும் நுண்ணுயிர் குளிர்சாதனப் பெட்டிக்குள்ளும் மெல்லப் பெருகக்கூடியது. கருவுற்ற பெண்களுக்கும் முதியோருக்கும் அது பெருந்தீங்கு விளைவிக்கும். ஆகவே ஒன்றுக்கொன்று துணை வேண்டும்.

குளிர்ச்சி ஒரு காலத்தில் எளிதில் கிட்டும் பொருளாக இருக்கவில்லை. அமெரிக்காவின் உறைந்த ஏரிகளில் வெட்டிய பனிக்கட்டியைக் கப்பலில் கொண்டுவந்து சேமித்து வைப்பதற்காக 1842-இல் சென்னைக் கடற்கரையில் கட்டப்பட்டதே 'ஐஸ் ஹவுஸ்' என்னும் கட்டடம். இன்று அது விவேகானந்தர் இல்லம். அன்று கடல் கடந்து வந்த குளிர்ச்சி இன்று நெசவாளர் வீட்டிலும் உழவர் வீட்டிலும் ஒரு மூலையில் நிற்கிறது. அதனை முறையறிந்து பயன்படுத்துவது நம் கடமை.

காடியைத் தெரிந்தெடுத்தல்

காடியின் வலிமை, அதில் உள்ள அசிட்டிக் அமிலத்தின் அளவைப் பொறுத்தது. நம் நாட்டு உணவுச் சட்டப்படி காடியில் குறைந்தது நூற்றுக்கு 3.75 பங்கு அமிலம் இருத்தல் வேண்டும். கடைகளில் பெரும்பாலும் 4 பங்கு உள்ள காடி கிடைக்கிறது. சிலவற்றில் 5 பங்கும் உண்டு. அமெரிக்கச் செய்முறைகள் 5 பங்கு உள்ள காடியை மனத்திற்கொண்டு எழுதப்பட்டவை. அவற்றில் காடியும் நீரும் சம அளவு என்று இருக்கும். அதனை அப்படியே நம் காடிக்குப் பின்பற்றினால் புளிப்புக் குறைந்துவிடும். ஆகவே புட்டியின் மேல் ஒட்டியுள்ள சீட்டைப் படித்து, வலிமையை அறிந்த பின்னரே அளவை முடிவு செய்க. 4 பங்கு வலிமையுள்ள காடியாயின், ஐந்து பங்கு காடிக்கு மூன்று பங்கு நீர் சேர்த்தால், அமெரிக்க முறையின் புளிப்பு அப்படியே கிடைக்கும்.

கரும்புச் சாறு, பழச்சாறு, கள் முதலியவற்றைப் புளிக்கவைத்துச் செய்யும் காடியும் உண்டு. அமிலத்தை நீரில் கலந்து செய்யும் செயற்கைக் காடியும் உண்டு. செயற்கைக் காடியாயின் அதனைப் புட்டியின் மேல் தெளிவாகக் குறிக்க வேண்டும் என்பது சட்டம். கடையில் முறையாக விற்கும் இரண்டும் ஊறுகாய்க்கு உதவும்; புளிக்கவைத்த காடி மணத்தால் சிறந்தது. வீட்டிலேயே புளிக்கவைத்த காடியை இதற்குப் பயன்படுத்த வேண்டாம். அதன் வலிமையை நாவினால் அளந்தறிய முடியாது. எலுமிச்சைச் சாற்றுக்கும் புளிக்கரைசலுக்கும் இதே குறை உண்டு. பழத்துக்குப் பழம் அவற்றின் புளிப்பு மாறுபடும்.

நெசவாளர் இல்லங்களுக்கு இங்கே ஓர் எச்சரிக்கை இன்றியமையாதது. பட்டு நூலுக்குச் சாயமேற்றும்போது சாயத் தொட்டியில் அசிட்டிக் அமிலம் ஊற்றுவது வழக்கம். காடியிலும் அதே அமிலந்தானே உள்ளது, அதனையே நீரில் கலந்து கொண்டால் செலவு மிச்சமாகுமே என்று ஒருவர் எண்ணக்கூடும். அந்த எண்ணத்தை அடியோடு கைவிடுக. சாயப்பட்டறைக்கு வரும் அமிலம் உணவுக்கென்று தூய்மை செய்யப்பட்டதன்று. அன்றியும் அது மிகக் கடுமையானது. கையில் பட்டால் தோல் வெந்துவிடும். தவறிக் குடித்தால் தொண்டையும் குடலும் புண்ணாகி உயிருக்கே கேடு விளையும். அமிலப் புட்டியைச் சமையலறைப் பக்கமே கொண்டுவரலாகாது. குடிநீர்ப் புட்டியிலோ காடிப் புட்டியிலோ அதனை ஊற்றி வைப்பது பெரும் ஆபத்து.

காயின் தேர்வு

அன்று பறித்த இளங்காயே சிறந்தது. பறித்த நாளிலேயே ஊறுகாய் இடுவது நலம். ஒரு நாளுக்கு மேல் தாமதித்தால் காய் நீர்வற்றி உள்ளே வெற்றிடம் உண்டாகும். மஞ்சள் பாய்ந்தவை, அடிபட்டவை, சொத்தை விழுந்தவை ஆகியவற்றை விலக்குக. ஒவ்வொரு காயிலும் காம்புப் பக்கத்தில் சிறு துண்டு அறுத்துச் சுவைத்துப் பார்க்க வேண்டும். கைப்புத் தட்டினால் அக்காயைச் சேர்க்கலாகாது. அறுத்த துண்டை முனையில் தேய்த்து நுரை எடுத்தால் கைப்புப் போய்விடும் என்பது வழக்கில் உள்ள நம்பிக்கை. காயினுள் ஊறிய கைப்பு அதனால் நீங்குவதில்லை. காடியும் அதனை மறைப்பதில்லை.

காம்புக்கு எதிர்ப்புறத்தில், பூ இருந்த முனையை அரைக்கால் அங்குல அளவு அறுத்து எறிந்துவிடுக. காயின் மொறுமொறுப்புக்குக் காரணம் பெக்டின் என்னும் பொருள். அதனைக் கரைத்துக் காயைக் குழையச் செய்யும் நொதிகள் பூ முனையிலேயே மிகுதியாக உள்ளன. இச்சிறு வேலையைச் செய்யாமையால் புட்டி முழுவதும் குழைந்துபோவதுண்டு.

வேண்டிய பொருள்கள்

ஒரு லிட்டர் கொள்ளும் கண்ணாடிப் புட்டி ஒன்றுக்கு:

வெள்ளரிக்காய் - 500 கிராம்
காடி (4 பங்கு வலிமையுள்ளது) - 250 மில்லி லிட்டர்
குடிநீர் - 150 மில்லி லிட்டர்
உப்பு - 15 கிராம் (ஏறக்குறைய இரண்டரைத் தேக்கரண்டி)
சர்க்கரை - 20 கிராம் (விரும்பினால்)
சதகுப்பை - ஒரு தேக்கரண்டி
கடுகு - ஒரு தேக்கரண்டி
மிளகு - பத்து
பூண்டு - நான்கு பல்
பச்சை மிளகாய் - இரண்டு

சதகுப்பையைப் பற்றி ஒரு சொல். மேல்நாட்டு வெள்ளரி ஊறுகாய்க்கு உரிய தனி மணத்தைத் தருவது இதுவே. அங்கே இதன் தழையையும் விதையையும் இடுவர். நம் நாட்டு மருந்துக் கடைகளில் சதகுப்பை என்று கேட்டால் விதை கிடைக்கும். அயல்நாட்டுப் பொருளென்று தேடி அலைய வேண்டுவதில்லை.

செய்முறை

காயை ஓடும் நீரில் மண் போக நன்றாகத் தேய்த்துக் கழுவுக. முனைகளை நீக்கி, கால் அங்குலத்துக்கு மேற்படாத வட்டங்களாக நறுக்குக. பிஞ்சாயின் நீளவாட்டில் நான்காகப் பிளக்கலாம். நறுக்கியதைக் குடிநீரில் செய்த பனிக்கட்டி மிதக்கும் நீரில் ஒரு மணி நேரம் ஊறவைத்தால் மொறுமொறுப்பு மிகும். பின்னர் நீரை முற்றிலும் வடித்துவிடுக. வடியாமல் நிற்கும் நீர் காடியின் வலிமையைக் குறைக்கும்.

புட்டியையும் மூடியையும் சோப்பு நீரில் கழுவி, குளிர்ந்த நீரில் மூழ்க வைத்து, மெல்லச் சூடேற்றிப் பத்து நிமிடம் கொதிக்கவிடுக. புட்டியின் சூடு ஆறுமுன்பே அடுத்த வேலையைச் செய்ய வேண்டும்; குளிர்ந்த கண்ணாடியில் கொதிக்கும் காடியை ஊற்றினால் விரிசல் காணும். பூண்டு, மிளகாய், சதகுப்பை, கடுகு, மிளகு ஆகியவற்றை அடியில் இட்டு, அவற்றின் மேல் வெள்ளரித் துண்டுகளை நெருக்கமாக அடுக்குக. புட்டியின் வாய்க்கு அரை அங்குலம் கீழே நிறுத்திக்கொள்க.

காடி, நீர், உப்பு, சர்க்கரை ஆகியவற்றை எவர்சில்வர்ப் பாத்திரத்தில் ஊற்றிக் கொதி வந்தவுடன் இறக்கிவிடுக. நெடுநேரம் கொதித்தால் அமிலம் ஆவியாகிக் குறையும். பித்தளை, செம்பு, அலுமினியப் பாத்திரங்கள் கூடா. காடி அவற்றை அரித்துவிடும். முற்காலத்தில் இங்கிலாந்தில் ஊறுகாய் பச்சை நிறமாக இருப்பதற்காகச் செம்புப் பாத்திரத்தில் காய்ச்சினர். அந்தப் பச்சை, செம்பின் நஞ்சு என்று பிரெடெரிக் அக்கும் என்னும் இரசாயன அறிஞர் 1820-இல் எழுதி மக்களை எச்சரித்தார். நல்ல வெள்ளரி ஊறுகாயின் நிறம் மங்கிய பச்சையே. புளிப்பினால் பச்சையம் மாறுவதால் உண்டாகும் இயற்கையான நிறம் அது.

சூடான காடி நீரைப் புட்டியில் ஊற்றுக. துண்டுகள் எல்லாம் மூழ்கியிருத்தல் வேண்டும். சுத்தமான கரண்டிக் காம்பை ஓரமாக விட்டு மெல்ல அசைத்தால் இடையில் அடைபட்ட காற்று வெளியேறும். நீர் தாழ்ந்தால், அதே விகிதத்தில் கலந்த காடி நீரையே மேலும் ஊற்றுக; வெறும் நீரை ஊற்றலாகாது. மூடியிட்டு, கை பொறுக்கும் சூட்டுக்கு ஆறியதும் பெட்டியினுள் வைத்துவிடுக. எவ்வாறாயினும் இரண்டு மணி நேரத்துக்கு மேல் வெளியே வைக்க வேண்டாம். புட்டியின் மேல் செய்த தேதியை எழுதி ஒட்டுவது நல்ல பழக்கம்.

இரண்டு நாள் கழித்து உண்ணலாம். ஒரு வாரத்தில் சுவை நன்கு ஏறியிருக்கும். ஒரு மாதத்துக்குள் தீர்த்துவிட வேண்டும். தயிர்சாதத்துக்கும் கம்பங்கூழுக்கும் கேழ்வரகுக் கூழுக்கும் இது நல்ல துணை. எடுக்கும்போதெல்லாம் ஈரமற்ற சுத்தமான கரண்டியைப் பயன்படுத்துக, கை விடலாகாது.

மாற்றத் தக்கவையும் மாற்றத் தகாதவையும்

சமையல் என்றால் அவரவர் கைப்பக்குவம் உண்டு. இந்த ஊறுகாயிலும் காரம், மசாலை, சர்க்கரை ஆகியவற்றை விருப்பம்போல் கூட்டலாம், குறைக்கலாம். உப்பையுங்கூடக் குறைக்கலாம், காப்பது உப்பன்று என்று மேலே கண்டோம். இரத்தக் கொதிப்புக்காக உப்பைக் குறைக்கும்படி மருத்துவர் கூறியவர்களுக்கு இது ஒரு நன்மை. மாங்காய் ஊறுகாயில் உப்பைக் குறைத்தால் பண்டம் கெடும், இதில் கெடுவதில்லை. ஆனால் காடியை மட்டும் ஒரு சிறிதும் குறைக்கலாகாது. புளிப்பு மிகுதி என்று தோன்றினால் சர்க்கரையைச் சற்றுக் கூட்டுக. நீரைக் கூட்ட வேண்டாம்.

தீர்ந்துபோன ஊறுகாயின் காடி நீரில் புதிய காயை இட்டு மறுபடியும் ஊறவைப்பது சிக்கனம் போலத் தோன்றும். அதன் கணக்கைப் பார்ப்போம். 250 மில்லி காடியில் உள்ள அமிலம் 10 கிராம். அது 400 மில்லி காடி நீரிலும் 500 கிராம் காயிலும் பரவும்போது, நூற்றுக்கு ஒரு பங்குக்குச் சற்று மேலாக நிற்கிறது. எஞ்சிய நீரில் மீண்டும் 500 கிராம் காயை இட்டால், அமிலம் அரைப் பங்காகக் குறைந்துவிடும். எல்லைக்கோட்டைத் தாண்டும் அபாயம் இவ்வாறுதான் வருகிறது. பழைய காடி நீரை ஒரு முறைக்கு மேல் நம்பலாகாது.

காயின் மொறுமொறுப்புக்காகச் சுண்ணாம்பு நீரில் ஊறவைப்பதும் சிலரிடம் வழக்கம். பூசணிக்காய் மிட்டாய்க்கு அது தகும். ஊறுகாய்க்கு ஆகாது. சுண்ணாம்பு புளிப்பின் பகைப்பொருள். காயில் தங்கிய சுண்ணாம்பு காடியின் அமிலத்தை முறித்துவிடும். பனிக்கட்டி நீரும் பூ முனையை நீக்குவதுமே போதுமானவை.

நல்லெண்ணெயைக் காய்ச்சி மேலே ஊற்றினால் இன்னும் நாள் நிற்கும் என்ற கருத்தும் பொருந்தாது. நீர் மிகுந்த இந்த ஊறுகாயில் எண்ணெய் காவல் செய்வதில்லை. தாளிதம் வேண்டுமானால் பரிமாறும்போது கிண்ணத்தில் எடுத்துத் தாளித்துக்கொள்ளலாம்.

அறிகுறிகள்

பூண்டு சில சமயம் நீலமாகவோ பச்சையாகவோ மாறும். பூண்டில் உள்ள கந்தகச் சேர்மங்கள் புளிப்புடன் கலப்பதால் விளைவது அது, தீங்கில்லை. அயோடின் சேர்ந்த பொடியுப்பினால் நீர் சிறிது கலங்கித் தோன்றலாம். அதற்கும் அஞ்ச வேண்டுவதில்லை. ஆனால் தெளிவாக இருந்த நீர் சில நாள் கழித்துக் கலங்கினாலும், துண்டுகள் வழுவழுத்தாலும், மேலே ஆடை படர்ந்தாலும், மூடியைத் திறக்கும்போது காற்றுச் சீறினாலும், அப்புட்டியைக் கொட்டிவிடுக. ஆடையை மட்டும் வழித்தெறிந்து விட்டு மீதியை உண்பது தவறு. நல்லதா கெட்டதா என்று அறியச் சுவைத்துப் பார்ப்பதும் கூடாது. பொட்டுலினம் நஞ்சுக்கு நிறமும் இல்லை, மணமும் இல்லை. மிகச் சிறிய அளவே கேடு செய்யப் போதும்.

குளிர்ச்சியைக் காத்தல்

பெட்டியின் உள்ளே 4 பாகை செல்சியஸ் அல்லது அதற்குக் கீழே இருத்தல் வேண்டும். புட்டியைக் கதவிலுள்ள தட்டில் வைப்பதைவிட உட்புறத் தட்டில் வைப்பது நலம். கதவைத் திறக்கும்போதெல்லாம் அங்கே வெப்பம் ஏறி இறங்கும். பெட்டியைத் துணி மூட்டை போல நிறைத்துவிட்டால் குளிர்காற்று சுற்றி வர வழியிராது.

மின்சாரம் தடைப்படுவது நம் ஊர்களில் உண்டு. கதவைத் திறவாதிருந்தால் நான்கு மணி நேரம் வரை குளிர்ச்சி நிற்கும். அதற்குள் மின்சாரம் வந்துவிட்டால் கவலையில்லை. புயல் மழையினாலோ வேறு காரணத்தினாலோ ஒரு நாள் முழுவதும் மின்சாரம் இல்லாமற்போய்ப் பெட்டியும் சூடேறிவிட்டால், வீட்டில் செய்த குளிர் ஊறுகாயை வைத்துக்கொள்ள வேண்டாம். அரைக் கிலோ வெள்ளரியும் ஒரு கோப்பைக் காடியும் போவது சிறு நட்டம். நோய் வந்து தறி நிற்பதும் அறுவடை நேரத்தில் படுத்துக்கிடப்பதும் அதனினும் பெரிய நட்டம். இரவில் மின்சாரத்தை மிச்சப்படுத்த எண்ணிப் பெட்டியை நிறுத்தி வைக்கும் வழக்கமுள்ள வீடுகளில் இந்த ஊறுகாயைச் செய்யாதிருப்பதே மேல்.

விற்பனை பற்றி

வீட்டில் நன்றாக வந்த பண்டத்தை விற்றால் என்ன என்ற எண்ணம் எழுவது இயற்கையே, பாராட்டத் தக்கதுங்கூட. ஆனால் இம்முறையில் செய்த ஊறுகாயைக் கடைப் பலகையில் வைத்து விற்கலாகாது. வாங்குவோர் அதனை எப்படி வைத்துக்கொள்வர் என்பது நம் கையில் இல்லை. கடையில் குளிர்ச்சியின்றி நிற்கும் வெள்ளரி ஊறுகாய், புளிப்பைக் கருவியால் அளந்து, புட்டியை மூடியபின் உரிய நேரம் வெப்பத்தில் வைத்துப் பதப்படுத்தப்பட்டது. அது வேறு தொழில். அதற்குப் பயிற்சியும் கருவியும் வேண்டும். உணவுப் பொருளை விற்போர், வீட்டில் செய்வோராயினும், 2006-ஆம் ஆண்டின் உணவுப் பாதுகாப்புச் சட்டப்படி பதிவோ உரிமமோ பெறுவதும் கட்டாயம். மகளிர் குழுவாகச் சேர்ந்து இத்தொழிலில் இறங்க விரும்புவோர் முதலில் பயிற்சி பெற்று, பின்னர் பதிவு செய்துகொண்டு, அதன்பின் புட்டியை நிரப்புதல் முறை.

இத்தனை எச்சரிக்கைகளைக் கண்டு இது கடினமான வேலை என்று யாரும் மலைக்க வேண்டாம். நினைவில் வைக்க வேண்டியவை சிலவே. காய் அன்று பறித்ததாக இருக்கட்டும். பூ முனையை நீக்குக. காடியின் வலிமையைச் சீட்டில் படித்து அளந்து ஊற்றுக. புட்டியைக் குளிர்ச்சியை விட்டு வெளியே வைக்காதீர். ஒரு மாதத்துக்குள் உண்டு தீர்த்துவிடுக. இவ்வளவையும் கடைப்பிடித்தால், விலை போகாத நாளின் வெள்ளரியும் வீணாகாது. அதனை உண்ணும் வீட்டாரின் உடல்நலமும் கெடாது.